களரியும் கூலியும்

அண்மையில் என் பழைய மாணவன் ஒருவன் வேலைக்கான விண்ணப்பப் படிவத்துடன் நற்சான்று கேட்டு வந்தான். கமக்காரக் குடும்பம், தந்தையார் மத்தளத்தில் வல்லவர். அவனும் பதினான்கு வயதிலேயே வடமோடிக் கூத்தில் சதங்கை கட்டியவன். அதனைப் படிவத்தில் எங்கே எழுதியிருந்தான்? 'பொழுதுபோக்கு' என்னும் கட்டத்தில்! 'தகைமைகள்' என்ற கட்டத்திலோ, விளம்பரத்தின் சொல்லை எடுத்து, 'படைப்பாற்றல் மிக்கவன்' என்று எழுதியிருந்தான். இரண்டுக்கும் தொடர்புண்டென்று அவனுக்குத் தோன்றவில்லை.

எழுவான்கரையிலும் படுவான்கரையிலும் கூத்தை வளர்த்தவர் யாவர்? பகலில் வயலில் உழுதவரும் வாவியில் வலை வீசியவருமே. அண்ணாவியார் சட்டம் கொடுத்து வேடங்களைப் பங்கிட, வேலை ஓய்ந்த இரவுகளில் மாதக்கணக்காக ஆட்டமும் பாட்டும் பழகினர். பின் வட்டக்களரியில் விடியும்வரை ஆடினர். அவர்கள் கூலிக்கு ஆடவில்லை. ஆயினும் நன்றாக ஆடியவனுக்கு ஊரில் ஒரு மதிப்பு இருந்தது. அதைப் பொற்காலம் என நான் கூற வரவில்லை. பெண் வேடங்களையும் ஆண்களே புனைந்தனர். களரியைச் சுற்றியும் சாதி நின்றது. படித்தவர்களோ 'கூத்தாடி' என்பதை வசைச்சொல்லாகவே வழங்கினர்.

அந்த இகழ்ச்சியை உடைத்ததில் பேராசிரியர் சு. வித்தியானந்தனுக்குப் பெரும் பங்குண்டு. 1962 இல் பேராதனையில் பல்கலைக்கழக மாணவரைக் கொண்டு 'கர்ணன் போர்' கூத்தை அவர் மேடையேற்றினார். விடியவிடிய ஆடியது சுருங்கி நகர மேடைக்கு ஏற்றதாயிற்று. பின்வந்த 'இராவணேசன்' கூத்தில் இராவணனாக ஆடிய மட்டக்களப்பு மாணவர் மௌனகுரு, பிற்காலத்தில் கிழக்குப் பல்கலைக்கழகத்தில் பேராசிரியரானார். இன்று நாடகமும் அரங்கியலும் உயர்தர வகுப்பில் ஒரு பாடம். கல்லடியில் விபுலானந்த அடிகளின் பெயரால் அழகியற் கற்கைகள் நிறுவகமும் உண்டு.

மதிப்பு உயர்ந்தது மெய்தான். எதன் மதிப்பு? மேடைக்கும் சான்றிதழுக்கும் அது கிட்டிற்று. கூத்தைப் பெற்றெடுத்த உழைப்பாளியின் இரவுக்குக் கிட்டவில்லை. ஆடைத் தொழிற்சாலையில் முறைவேலை செய்யும் பெண்ணை எண்ணிப் பாருங்கள். உடையின் வடிவத்தை வேறெங்கோ வேறெவரோ தீர்மானிக்கின்றனர். அவள் முன் நிற்பது மணிக்கு இத்தனை தையல் என்ற கணக்கு மட்டுமே. அவளிடம் படைப்பாற்றலை எவரும் கேட்பதில்லை. அச்சொல் அலுவலக மேசைகளுக்கான விளம்பரங்களில் மட்டுமே வரும்.

படைப்பாற்றல் கருவிலே வாய்க்கும் திரு என்பார் உளர். எனக்கு அது பெரும்பாலும் பொழுதைப் பற்றிய கேள்வியாகவே படுகிறது. 1886 இல் சிக்காகோத் தொழிலாளர் எட்டு மணி நேர வேலைக்காகப் போராடியபோது, எட்டு மணி உறக்கத்துக்கு, எஞ்சிய எட்டு மணி எமக்கு என்பதும் அக்கோரிக்கையில் அடங்கியிருந்தது. அந்த மூன்றாம் எட்டில் என்ன செய்வீர்கள் என்று கேட்கும் உரிமை முதலாளிக்கு இல்லை. எங்கள் கமக்காரனுக்கு அதனைச் சட்டம் தரவில்லை, பருவம் தந்தது. இன்றைய கூலியாளனுக்கு யார் தருவது? பொழுதே இல்லாதவனிடம் பொழுதுபோக்கைக் கேட்கிறது படிவம்!

நான் அந்தக் கட்டத்தை அடித்து, கூத்தைத் 'தகைமைகள்' என்பதன் கீழ் எழுதச் சொன்னேன். தயங்கித் தயங்கி எழுதினான். வேலை கிடைத்துவிட்டது; இரவு முறையும் உண்டாம். இவ்வாண்டுக் கூத்தில் அவனுக்கென்று வைத்திருந்த வேடத்தை யாருக்குக் கொடுப்பது என்று அண்ணாவியார் இன்னும் முடிவு செய்யவில்லை.