மூப்பின் நியாயம்

பதவி உயர்வில் நியாயம் என்பது நம் வட்டத்தில் பேசத் தகுந்த விஷயமாகக் கருதப்படுவதில்லை. அது குமாஸ்தா விவகாரம். ஆனால் நம்மில் பாதிப்பேர் குமாஸ்தாக்கள்தாம். இருத்தலின் அபத்தம் பற்றி இரவில் எழுதிவிட்டு, மறுநாள் காலை சீனியாரிட்டி பட்டியலில் தம் பெயர் எத்தனையாவது என்று விரல் வைத்துத் தேடுகிறவர்கள். அந்த விரலின் பதற்றத்தில் ஒரு தத்துவப் பிரச்னை இருக்கிறது என்று நினைக்கிறேன்.

பணிமூப்பைத் திறமையற்றவர்களின் புகலிடம் என்று இகழ்வது வழக்கம். எனக்கு அதன்மேல் மரியாதை உண்டு. மூப்பு யாரையும் மதிப்பிடுவதில்லை. காலண்டருக்கு முகம் பார்க்கத் தெரியாது. யார் யாருக்கு மருமகன் என்பது அதற்கு விளங்காது. திறமை என்று சொன்ன மாத்திரத்தில் அதை அளக்க ஒரு மேலதிகாரி வந்துவிடுகிறார். அவருடைய ருசி, கோபம், சாதி எல்லாம் கூடவே வருகின்றன.

ஆனால் காலண்டர் எந்த நாளிலிருந்து தொடங்குகிறது? ஒரே தேர்வில் சேர்ந்தவர்களுக்குள் யார் மூத்தவர்? தமிழ்நாட்டில் நெடுங்காலம் இதை இட ஒதுக்கீட்டுச் சுழற்சி வரிசை தீர்மானித்தது. தேர்வாணையத்தின் தர வரிசையே தீர்மானிக்க வேண்டும் என்று சென்னை உயர்நீதிமன்றம் சொன்னதை 2016 ஜனவரியில் உச்சநீதிமன்றம் ஏற்றது. அதே ஆண்டு அரசு சட்டமியற்றிப் பழைய முறையை மீட்டது. 2019 நவம்பரில் அந்தப் பிரிவு செல்லாதென்று உயர்நீதிமன்றம் தீர்ப்பளித்தது. கூடுதல் மதிப்பெண் வாங்கியவரின் ஆதங்கம் எனக்குப் புரியாததல்ல. இருந்தும், இருபத்திரண்டு வயதில் சில மணி நேரம் எழுதிய விடைத்தாள் ஐம்பத்தைந்து வயதுவரை ஒருவருக்கு முன்னால் நடந்துபோவதைத் திறமை என்று எப்படிச் சொல்வது? அதுவும் ஒரு மூப்புதான். ஒரு நாளின் மூப்பு.

ஒதுக்கீடு வாசலோடு நிற்குமா, மாடிப்படிக்கும் உண்டா என்ற கேள்விகூட நம் பக்கத்திலிருந்து கிளம்பியதே. தென்னக ரயில்வே, ரங்காச்சாரி வழக்கு. பதவி உயர்வுக்கும் உண்டு என்று 1961-இல் உச்சநீதிமன்றம் மூன்றுக்கு இரண்டு என்று பிரிந்து நின்று சொன்னது. 1992-இல் மண்டல் தீர்ப்பு அதை மாற்றியது. 1995-இல் 77-ஆவது திருத்தம் பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் மீட்டுக் கொடுத்தது. மாடிப்படிக்கும் வேண்டும் என்பதே என் கட்சி. காரணம் சம்பளமல்ல. மாடியில் உட்கார்ந்திருப்பவர்தான் கீழே இருப்பவரைப் பற்றிய இரகசியக் குறிப்பேட்டை எழுதுகிறார்.

அந்தக் குறிப்பேடுதான் என்னை அதிகம் தொந்தரவு செய்கிறது. தேவ் தத் என்ற எல்லைச் சாலைப் பொறியாளரின் வழக்கை 2008-இல் உச்சநீதிமன்றம் விசாரித்தது. ஒரு வருஷக் குறிப்பில் அவரைப் பற்றி எழுதியிருந்தது 'நன்று' என்ற ஒரு சொல். பதவி உயர்வுக்கு 'மிக நன்று' தேவை. 'நன்று' என்பது பாதகமான குறிப்பல்லவாம், ஆகவே அவருக்குத் தெரிவிக்கவுமில்லை. சொற்களோடு மாரடிக்கும் நமக்கு இது விளங்க வேண்டும்: புகழ்ச்சிச் சொல் தன் அர்த்தத்தில் துளியும் மாறாமலே ஒருவரைக் கீழே இறக்கிவிட்டது. (நம் மதிப்புரைகளில் 'குறிப்பிடத்தக்க முயற்சி' என்று எழுதுகிறோமே, அதேதான்.) எந்தக் குறிப்பானாலும் ஊழியருக்குத் தெரிவித்தாக வேண்டும் என்று நீதிமன்றம் சொன்னது. அதற்குள் அவர் ஓய்வு பெற்றிருந்தார். இனி வரக்கூடிய நியாயம் பணமாகத்தான் வரமுடியும். தன்னைப் பற்றி எழுதப்பட்ட ஒரு வாக்கியத்தைப் படிக்க முடியாமல் அதன் கீழேயே வருஷக்கணக்கில் வேலை செய்தாரே, அதை எந்தப் பாக்கித்தொகையும் தொடாது. அநியாயம் என்று நான் சொல்வது இதைத்தான். பதவி கிடைக்காமற் போனது இரண்டாம் பட்சம்.

இதுவரை சொன்னதெல்லாம் ஏணியில் கால் வைத்துவிட்டவர்களின் கதை. நான் இதை எழுதுவது கம்மாபுரத்திலிருந்து. நெய்வேலி நிறுவனம் 1956-இல் ஏற்பட்டது. பழுப்பு நிலக்கரிக்காக இந்தச் சுற்றுவட்டாரத்தில் ஊர் ஊராக நிலம் போயிற்று. நிலம் கொடுத்த குடும்பங்களுக்கு நிரந்தர வேலை, ஒப்பந்தத் தொழிலாளிக்கு நிரந்தரம் என்ற கோரிக்கைகள் தலைமுறை தாண்டியும் ஓயவில்லை. ஒப்பந்தத் தொழிலாளிக்குப் பதவி உயர்வு கிடையாது. எனவே அநியாயமான பதவி உயர்வும் கிடையாது. 'நன்று' என்று எழுதிக் கெடுக்கக்கூட அவருக்கொரு குறிப்பேடு இல்லை. அவர் சேர்த்து வைக்கும் வருஷங்கள் ஏணியில் ஏறுவதற்கல்ல, அதன் அடிப்படியைத் தொடுவதற்கு.

மூப்பு, பணியில் சேர்ந்த நாளிலிருந்து என்கிறது விதி. நிலப் பத்திரம் கைமாறிய நாளிலிருந்து எண்ணத் தொடங்கினால் பட்டியலில் முதல் பெயர் யாருடையதாக இருக்கும்?