சாட்டின நாள்

மதுரையில் கோச்சடையில் தொடங்கி அரசரடி, காளவாசல், பழங்காநத்தம் வரை கடை கடையாக ஏறித் தினசரி காலண்டருக்கு ஆர்டர் பிடிப்பது என் தொழில். சிவகாசியில் ஆடிப்பெருக்கு அன்று அடுத்த வருஷத்து ஆல்பத்துக்குப் பூஜை போடுவார்கள். அந்த வாரமே அது என் பைக்கு வந்துவிடும். மருந்துக்கடைக்காரர் முருகன் படம் கேட்பார், பாய் கடைக்கு ரோஜாப்பூ. படத்தில் தகராறு வந்ததே இல்லை. தகராறெல்லாம் அதன் கீழே தொங்குகிற தாளில்தான்.

சனியை எடுத்துக்கொள்ளுங்கள். வானத்தைப் பார்த்துத் திருத்திய திருக்கணிதப் பஞ்சாங்கப்படி 2025 மார்ச் 29 அன்றே அவர் மீனத்துக்குப் போய்விட்டார். பழைய கணக்கான வாக்கியப் பஞ்சாங்கப்படி 2026 மார்ச் 6. ஊரெல்லாம் பரிகாரம் பேசிக்கொண்டிருந்தபோது திருநள்ளாறு கோயில் தரப்பில், நாங்கள் வாக்கியப் பஞ்சாங்கம், இந்த வருஷம் எங்களுக்குப் பெயர்ச்சி இல்லை என்று சொல்லிவிட்டார்கள். மகர ராசிக்காரரான ஒரு பலசரக்குக்கடை அண்ணாச்சி என்னைப் பிடித்துக்கொண்டார்: "ஏம்ப்பா, எனக்கு ஏழரை முடிஞ்சிருச்சா, இன்னும் பதினோரு மாசம் கெடக்கா? ஒண்ணச் சொல்லு." சிரித்துக்கொண்டுதான் கேட்டார். ஆனால் சாமி வானத்தைப் பார்த்து நடக்கிறதா, கோயிலைப் பார்த்து நடக்கிறதா என்பது சிரித்துத் தள்ளுகிற கேள்வி இல்லை.

வானம்தான் என்பவர்களுக்கு ஒரு நல்ல வக்கீல் உண்டு. சிந்தாமணி ரகுநாதாச்சாரி, சென்னை வானாய்வு நிலையத்தில் உதவியாளராக இருந்தவர். 1867இல் ஒளி மாறும் நட்சத்திரம் ஒன்றைக் கண்டுபிடித்தார். தொலைநோக்கியில் தெரிகிற இடமும் பஞ்சாங்கம் சொல்கிற இடமும் ஒத்துவரவில்லை, பழைய கணக்கைத் திருத்துங்கள் என்று சொன்னதோடு நிற்காமல் தாமே பஞ்சாங்கமும் போட்டார். கிரகணத்துக்கு அவர் சொன்னதுதான் சரி. நிழல் விழும்போது விழும்.

ஆனால் பழைய கணக்கை ஏளனம் செய்யவும் மனம் வரவில்லை. 1825இல் ஜான் வாரன் என்ற வெள்ளைக்காரர் புதுச்சேரிப் பக்கம் ஒரு பஞ்சாங்கக்காரரைப் பார்த்தார். அந்த மனிதர் காகிதம் இல்லாமல், தரையில் சோழியைப் பரப்பி, மனப்பாட வாக்கியங்களைச் சொல்லிக்கொண்டே சந்திர கிரகணத்தைக் கணக்குப் போட்டுக் காட்டினார். கிரகணம் தொடங்குகிற நேரத்தில் நாலு நிமிஷம்தான் பிசகு. முடிகிற நேரத்தில் முக்கால் மணிக்கு மேல் பிசகியது, அதையும் சொல்ல வேண்டும். வாக்கியத்தைப் பிடித்திருப்பவர்கள் வானம் தெரியாதவர்கள் அல்ல, பாட்டன் ஒப்படைத்த கணக்கைக் கைவிட மனமில்லாதவர்கள்.

எனக்கு இதில் வழி காட்டியது பஞ்சாங்கம் இல்லை, கிராமத்து மந்தை. எங்கள் சுற்றுவட்டத்தில் அம்மன் பொங்கலுக்கு நாள் குறிக்க மந்தையில் கூடுகிற கூட்டத்தில் உட்கார்ந்து பார்த்திருக்கிறேன். பிள்ளைகளுக்குப் பரீட்சை எப்போது முடியும், திருப்பூர் போனவனுக்கு லீவு கிடைக்குமா, பக்கத்து ஊர்ப் பொங்கலோடு மோதுமா என்று பேச்சு போகும். ஒருவர் செவ்வாய் என்பார், இன்னொருவர் அடுத்த செவ்வாய் என்பார். சத்தம் ஏறும். கடைசியில் பூக் கேட்டு, சாமி உத்தரவு வாங்கி, இந்த நாள்தான் என்று சாட்டுவார்கள். அதற்கு முந்தைய நிமிஷம் வரை அது வெறும் கிழமை. சாட்டிவிட்டால் வீட்டில் எண்ணெய்ச் சட்டி ஏறாது, வெளியூர் போனவன் இருட்டுவதற்குள் ஊர் திரும்பிவிட வேண்டும். மந்தையில் கடைசிவரை எதிர்த்துப் பேசியவர்தான் முதலில் கட்டுப்படுவார். இந்த நாளை யாரும் வானத்தில் கண்டெடுக்கவில்லை, உண்டாக்கினார்கள். உண்டாக்கினவர்களையே அது கட்டிவிடுகிறது. தெய்வம் அந்தக் கட்டுக்குள் வருகிறது என்றுதான் நான் நினைக்கிறேன்.

மதுரையே அப்படிச் சாட்டின ஊர்தான். மீனாட்சி கல்யாணம் முன்பு மாசியில் நடந்ததாகவும், அறுப்புக் காலத்தில் தேர் இழுக்க ஆள் கூடாததால் திருமலை நாயக்கர் அதைச் சித்திரைக்குக் கொண்டுவந்ததாகவும் இங்கே வழிவழியாகச் சொல்வார்கள். தேனூரில் ஆற்றில் இறங்கிக்கொண்டிருந்த அழகரை மதுரைக்கு வரவழைத்ததும் அவர்தான் என்பார்கள். இன்றைக்கும் சித்திரைத் தேர் ஓடுவது மாசி வீதியில். மதுரை வண்டியூரில் தேனூர் பெயரிலேயே மண்டபம் நிற்கிறது. ராஜா தன் வசதிக்கு நாளை மாற்றினால் அது எப்படிப் புண்ணிய நாள் ஆகும் என்று கேட்கலாம்தான். ஆனால் முந்நூற்றைம்பது வருஷத்துக்கு மேலாக ஜனம் வந்து நிற்கிறதே, அதை எந்தக் கணக்கில் சேர்ப்பது?

இதில் எனக்கு ரொம்பப் பிடித்தது அழகர் கோபம். தங்கை மீனாட்சி கல்யாணத்துக்குக் கிளம்பி வருகிறார், வழியிலேயே கல்யாணம் முடிந்த சேதி வருகிறது, ஆற்றோடு திரும்பிவிடுகிறார். 2024இல் கல்யாணம் ஏப்ரல் 21, அழகர் இறங்கியது 23. 2025இல் கல்யாணம் மே 8, அழகர் 12. அந்த வருஷம் அண்ணன் நாலு நாள் தாமதம்! மீனாட்சி கோயிலுக்கு ஒரு கணக்கு, அழகர்கோயிலுக்குச் சித்ரா பௌர்ணமி. இரண்டையும் தட்டி நேராக்கச் சொல்லி இங்கே யாரும் கொடி பிடிக்கவில்லை. இடைவெளியைக் கதையாக்கி, சாமிக்கே கோபத்தைக் கொடுத்து, அதையும் திருவிழாவாக்கிக்கொண்டார்கள்.

சட்டம் போட்டு நாள் சாட்டுவதும் உண்டு. தை முதல் நாள்தான் தமிழ்ப் புத்தாண்டு என்று 2008இல் சட்டம் வந்தது, 2011இல் போனது. பிரான்சில் புரட்சிக்காரர்கள் வாரத்துக்குப் பத்து நாள் என்று காலண்டரையே மாற்றிப் பார்த்தார்கள், அந்தக் காலண்டர் பன்னிரண்டு வருஷத்தோடு தீர்ந்தது. தை ஒன்றுக்கும் நியாயம் இருக்கிறது, நான் மறுக்கவில்லை. ஆனால் மந்தையில் சத்தம் போட்டு முடிக்காத நாளுக்கு எவன் காப்புக் கட்டுவான்?

ஒன்று மட்டும் என் பேச்சுக்கு அடங்கவில்லை. கூட்டம் வந்து நிற்பதுதான் நாளை நாளாக்குகிறது என்றால், 2020இல் கூட்டமே இல்லை. கொரோனாவில் சித்திரைத் திருவிழா ரத்து. கல்யாணம் மட்டும் கோயிலுக்குள் சில பட்டர்களோடு நடந்து, நேரலையில் வந்தது. கோச்சடையில் எங்கள் தெருப் பெண்கள் மீனாட்சிக்குத் தாலி ஏறும் நேரத்தில் மாற்றிக்கொள்ள அவரவர் வீட்டில் புது மஞ்சள் கயிற்றை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். எங்கள் வீட்டுப் போனில் படம் பின்தங்கி வந்தது. பக்கத்து வீட்டு டிவியில் கெட்டிமேளம் கேட்டு, அந்த அக்கா கயிறு மாற்றிக் கும்பிட்டும் விட்டார். அதற்கப்புறம்தான் எங்கள் போனில் பட்டர் தாலியையே கையில் எடுத்தார். என் மனைவி அதைப் பார்த்து மாற்றினாள். எது முகூர்த்தம் என்று கேட்டேன். "ரெண்டும்தான். நகருங்க, மறைக்குது" என்றாள்.