நிறுத்தும் உரிமை

வீட்டுத் தொலைக்காட்சியில் இணைத்து ஆடும் வீடியோ கேமை இடையில் நிறுத்திவைப்பது எளிது. பிளேஸ்டேஷன் 4, 5 கருவிகளில் ‘ஆப்ஷன்ஸ்’ பொத்தானையும், எக்ஸ்பாக்ஸ் ஒன்னிலும் அதன் பின்வந்தவற்றிலும் ‘மெனு’ பொத்தானையும், நின்டெண்டோ ஸ்விட்சில் கூட்டல் குறியிட்ட பொத்தானையும் அழுத்தினால் பெரும்பாலான தனியாட்டங்கள் நின்றுவிடும். ஆயின், நிறுத்தும் உரிமை எவர்க்குரியது என்னும் வினா எளிதன்று.

1976-இல் ஜெர்ரி லாசன் என்னும் கறுப்பினப் பொறியாளரின் தலைமையில் அமெரிக்காவில் உருவான ஃபேர்சைல்டு சேனல் எஃப் கருவியிலேயே ‘ஹோல்டு’ பொத்தான் இருந்தது. 1983-இல் ஜப்பானில் வெளிவந்த ஃபாமிகாமிலோ, நிறுத்துதற்குரிய ‘ஸ்டார்ட்’ பொத்தான் முதற்கைப்பிடியில் மட்டுமே அமைந்தது. ஆடுவோர் இருவர், உரிமை ஒருவர்க்கே. ஆலையில் ஓடும் பொறியை நிறுத்த மேஸ்திரியின் முகம் நோக்கி நின்ற நமக்கு இதன் பொருள் விளங்காமற் போகாது.

இன்று இணையத்தின்வழிப் பலர் கூடியாடும் ஆட்டங்களில் பெரும்பாலும் எவர்க்கும் அவ்வுரிமை இல்லை. பொத்தானை அழுத்தினால் பட்டியல் தோன்றும், ஆட்டமோ ஓடிக்கொண்டேயிருக்கும். ஒருவன் விலகினால் அவனை நம்பிய துணைவர் இடர்ப்படுவர். எனவே, உண்ண அழைக்கும் தாயிடம் “இப்போது நிறுத்த முடியாது” என்று மகன் கூறினால், அதனைப் பொய்யென்று கடிதல் தகாது.

எனினும் மகன் பிழையற்றவன் அல்லன். நிறுத்த இயலாத ஒன்றைத் தொடங்குமுன், வீட்டார் உண்ணும் வேளையை எண்ணிப் பார்த்தல் அவன் கடன். நிறுத்தும் விசை நம் கையில் இல்லாதபோதும், தொடங்கும் விசை நம் கையில்தான் இருக்கிறது.