பையின் வேடமும் பாரமும்

ஒரு பொருளின் அழகு அதன் பயனிலேயே அடங்கியிருக்கிறதா, பயனுக்கு மேல் பூசப்படுகிறதா என்பது தத்துவத்தில் பழைய வழக்கு. கிரேக்க எழுத்தாளர் செனபோன் பதிவுசெய்த உரையாடலில், சாணக்கூடையும் அழகானதுதானா என்று சாக்ரடீசிடம் கேட்கப்படுகிறது. ஆம் என்கிறார் அவர்: வேலைக்கு ஏற்ப முடைந்த கூடை அழகு, வேலைக்கு உதவாத பொற்கேடயம் அவலட்சணம். 1790இல் காண்ட் இன்னும் நுட்பமாகப் பிரித்தார். பூவின் அழகை ரசிக்க அதன் நோக்கம் தெரிய வேண்டியதில்லை. கட்டடத்தின் அழகோ அது எதற்காக எழுந்தது என்பதைச் சார்ந்தது. பையும் கட்டடத்தின் பக்கம்தான்.

தமிழ்நாட்டில் இதற்கு மஞ்சப்பையே சான்று. மங்கல நிறத்தில் மணமக்கள் பெயர் அச்சிட்டு, தேங்காயும் வெற்றிலை பாக்கும் போட்டுத் தாம்பூலமாகத் தரப்படும் பை, மறுவாரமே சந்தைக்குப் போகிறது. அதன் ஆயுளைத் தீர்மானிப்பது கைப்பிடியான காதுதான். பாரம் முழுவதும் காது தைத்த இடத்தில் விழுகிறது. காது அகலமாக இருந்தால் விரலை அறுக்காது; வாயோரத்தை மடித்து, காதின் அடியில் சதுரமாகவும் குறுக்காகவும் தைத்தால் எளிதில் பிய்யாது. நல்ல தையற்காரர் போடும் அந்தச் சதுரமே கண்ணுக்கும் லட்சணமாக இருக்கிறது.

ஆனால் சாக்ரடீசின் விடை முழுமையானதல்ல. ஒரு காலத்தில் பட்டிக்காட்டான் அடையாளம் என்று மஞ்சப்பை கேலிக்குள்ளானது. பின்னர் தமிழ்நாட்டில் ஒருமுறை பயன்படுத்தும் பிளாஸ்டிக்குக்கு 2019 ஜனவரி 1 முதல் தடை வந்தது. 2021 டிசம்பர் 23 அன்று தமிழக அரசே ‘மீண்டும் மஞ்சப்பை’ இயக்கத்தைத் தொடங்கியது. பையும் பயனும் அப்படியே இருக்க, பார்க்கும் கண் மாறியது. அழகில் ஒரு பங்கு சமூகம் தரும் அர்த்தத்திலிருந்து வருகிறது. பயனிலிருந்து அழகைப் பிரிப்பது நவீனத் தொழில்யுகத்தின் பழக்கம் என்று வாதிட்டவர் கொழும்பில் 1877இல் பிறந்த ஆனந்த குமாரசுவாமி. மரபுக் கலையில் அலங்காரமும் பொருளைச் செயலுக்குத் தகுதியாக்கும் பணியின் பகுதி என்றார். மஞ்சப்பையின் அச்சும் நிறமும் அப்படிப்பட்டவை. அவை இல்லாவிட்டால் அது தாம்பூலப் பை ஆகாது.

தோற்றம் மட்டுமே போதுமா என்ற கேள்விக்குக் கள்ளக்குறிச்சி மாவட்டத்துத் திருக்கோவலூர் கடுமையான எடுத்துக்காட்டைத் தருகிறது. 12ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் பாடிய பெரியபுராணத்தில், அந்நகரை ஆண்ட மெய்ப்பொருள் நாயனாரிடம் பகைவன் முத்தநாதன் சிவனடியார் வேடத்தில் வருகிறான். ஆகமம் உபதேசிப்பதாகச் சொல்லும் அவனது சுவடிக் கட்டுக்குள் இருப்பது ஆயுதம். குத்துண்ட பின்னும் நாயனார் அந்த வேடத்தை வணங்கி, அவனைப் பத்திரமாக அனுப்பிவைக்கிறார். சைவம் இதை ஏமாளித்தனமாகப் பார்ப்பதில்லை. அடியார் வேடத்தையும் ஆலயத்தையும் அரனாகவே தொழும் நெறி சிவஞானபோதத்தின் 12ஆம் நூற்பாவில் உள்ளது.

அந்த வணக்கம் திருநீற்றுக்கு உரியது, சுவடிக் கட்டுக்கு அல்ல. வேடம் சிவனைச் சுட்டுவதாலேயே உள்ளிருப்பதைப் பொருட்படுத்தாமல் மதிக்கப்படுகிறது. பைக்கு அந்தச் சலுகை இல்லை; அது வாக்களிப்பது சுமப்பதை மட்டுமே. பாலிப்ரொப்பிலீனில் செய்த ‘நான்-ஓவன்’ (நெய்யாத) பை துணிபோலவே தோன்றுகிறது, பளிச்சென்ற அச்சும் ஏற்கிறது. ஆனால் அது துணி வேடமிட்ட பிளாஸ்டிக். 2019ஆம் ஆண்டுத் தடைப் பட்டியலில் அதுவும் இருக்கிறது.