கொடுத்த வரம்

பெரம்பலூரிலிருந்து திருச்சி போகும் நெடுஞ்சாலையில் 8 கிலோமீட்டர் தொலைவில் சிறுவாச்சூர். அங்குள்ள மதுரகாளியம்மன் கோயில், விசேஷ நாட்கள் நீங்கலாக, திங்கள், வெள்ளி இரண்டு நாள் மட்டுமே திறந்திருக்கும். மற்ற நாட்களில் அம்மன் அருகிலுள்ள பெரியசாமி மலையில் செல்லியம்மனோடு இருக்கிறாள் என்பது ஊர் நம்பிக்கை. ஏன் மலைக்குப் போகிறாள் என்று ஒன்பது வயதில் அப்பாயியிடம் கேட்டேன்.

கதையைப் பலர் பலவிதமாகச் சொல்வார்கள். அப்பாயி சொன்னது இது. சிறுவாச்சூர் முதலில் செல்லியம்மனின் ஊர். ஒரு மந்திரவாதி அவளை நோக்கித் தவமிருந்தான். அவள் மனமிரங்கி வரம் கொடுத்தாள். அந்த வரத்தைக் கொண்டே அவளைக் கட்டிப்போட்டு ஏவல் வேலை வாங்கினான். மதுரையிலிருந்து வந்த காளி ஒரு ராத்திரி தங்க இடம் கேட்டாள். மதுரையை எரித்துவிட்டு வந்த கண்ணகிதான் அந்தக் காளி என்றும் சொல்வதுண்டு. செல்லி தன் நிலையைச் சொல்லி அழுதாள். காளி மந்திரவாதியைக் கொன்றாள். செல்லி ஊரை அவளிடமே விட்டுவிட்டு மலையேறிப் போனாள். முதல் மரியாதை மட்டும் தனக்கு வேண்டும் என்றாள். இன்றும் மலையை நோக்கித்தான் முதல் தீபாராதனை.

"வரத்தைத் திரும்ப வாங்கிக்க வேண்டியதுதானே?" என்றேன்.

"குடுத்த வரம் குடுத்ததுதான். சாமியே ஆனாலும் திரும்ப வாங்க முடியாது."

அந்த வருஷம்தான் அரியலூர்ப் பக்கம் வாழ்க்கைப்பட்ட அத்தை, ஒரு துணிப்பையோடு எங்கள் வீட்டுக்கு வந்தாள். ராத்திரியில் கதவைச் சாத்திக்கொண்டு அவர் செய்வதைத் தாங்க முடியவில்லை என்று அம்மாவிடம் அவள் மெதுவாகச் சொன்னது எனக்குக் கேட்டது. புரியவில்லை. நாலாம் நாள் அப்பாயி சொன்னாள்: "சரின்னுதானே கழுத்த நீட்டுன? இப்ப வந்து அழுதா எப்படி?" அப்பாவே கூட்டிப்போய் விட்டுவிட்டு வந்தார். செல்லிக்காக மனம் உருகியவளும் மகளைத் திருப்பி அனுப்பியவளும் ஒரே அப்பாயிதான். இதை வஞ்சகம் என்று நான் நினைக்கவில்லை. இரண்டு இடத்திலும் அவள் ஒரே விதியைத்தான் நம்பினாள்: கொடுத்தது கொடுத்ததுதான்.

அந்த விதி அப்பாயியுடையது மட்டுமல்ல. 17ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த இங்கிலாந்து நீதிபதி மேத்யூ ஹேல் இதையே சட்டமாக எழுதிவைத்தார். திருமணத்தில் ஒருமுறை தன்னைக் கொடுத்துவிட்ட மனைவி அதைத் திரும்பப் பெற முடியாது என்பது அவர் வாதம். அவர் இறந்து பல ஆண்டு கழித்து, 1736இல் அது அச்சில் வந்தது. இங்கிலாந்து நீதிமன்றம் அதை 1991இல் தூக்கி எறிந்தது. இங்கே, 1860இன் இந்திய தண்டனைச் சட்டம் கணவனுக்குக் கொடுத்த விலக்கை நீக்கச் சொல்லி 2013இல் வர்மா குழு பரிந்துரைத்தது. 2024 ஜூலை 1 அன்று நடைமுறைக்கு வந்த பாரதிய நியாய சன்ஹிதாவும் அதை விட்டுவிடவில்லை. 63ஆம் பிரிவின்படி, 18 வயது நிறைந்த மனைவியைக் கணவன் வற்புறுத்திக் கொள்ளும் உறவு வல்லுறவு ஆகாது.

மந்திரவாதியிடம் இருந்த மந்திரம் என்ன என்று இப்போது யோசிக்கிறேன். காலத்தை ஒரு நொடியில் நிறுத்திவைப்பதுதான் அது. என்றோ அவள் சொன்ன 'சரி'யை இன்றைக்கும் நாளைக்கும் செல்லுபடியாக்குவது. சாத்தனூரில் ஒரு கல்மரம் இருக்கிறது. 18 மீட்டர் நீளம், ஏறத்தாழ 12 கோடி ஆண்டு வயது. கடலடியில் புதைந்த அடிமரத்துக்குள் கனிமங்கள் புகுந்து, மரம் இருந்த இடத்தைக் கல் பிடித்துக்கொண்டது. பார்த்தால் மரம், தொட்டால் கல். திருப்பி வாங்க முடியாத இசைவும் அப்படித்தான். அன்றைய உருவம் இருக்கிறது, உயிர் இல்லை.

அப்படியானால் வாக்குக்கு மதிப்பே இல்லையா என்று கேட்கலாம். இருக்கிறது. கடனைத் திருப்பித் தருவதாகச் சொன்னால் தர வேண்டும். ஆனால் அந்த வாக்கைக் காப்பாற்றும்போது நான் நானாகவே இருக்கிறேன், வாக்குக் கொடுத்த ஆள் அழிந்துபோவதில்லை. இனி எப்போதும் மறுக்க மாட்டேன் என்ற வாக்கோ, வாக்குக் கொடுத்தவளையே இல்லாமல் ஆக்குகிறது. மறுக்க முடியாதவள் சொல்லும் 'சரி'க்குப் பொருளில்லை. அது வாக்கு அல்ல, கைமாறிய உடைமை.

கதையில் என்னைத் தொந்தரவு செய்யும் இடம் இன்னொன்று உண்டு. மந்திரவாதி செத்த பிறகும் செல்லி ஏன் வெளியேறினாள்? வீடு அவளுடையது, ஊர் அவளுடையது. அந்த வீட்டில் இனி இருக்க மனமில்லாமல் போயிருக்கலாம், அது அவள் விருப்பம். போகத்தான் வேண்டும் என்றிருந்தால் அது விருப்பமல்ல. 2005ஆம் ஆண்டின் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம் இந்த வித்தியாசத்தை அறிந்திருக்கிறது. சேர்ந்து வாழ்ந்த வீட்டில் தொடர்ந்து இருக்க அவளுக்கு உரிமை தருகிறது, அவனை வெளியேறச் சொல்லவும் நீதிமன்றத்துக்கு அதிகாரம் தருகிறது. அத்தையின் காலத்தில் அந்தச் சட்டம் இல்லை. அவளுக்கு மலையும் இல்லை.

அத்தையைப் பற்றிப் பேசும் தகுதி எனக்கு உண்டா என்றும் தெரியவில்லை. சில ஆண்டுகளுக்கு முன் கூட வேலைபார்த்த பெண் ஒருத்தி, ராத்திரி பத்து மணிக்குப் போன் செய்து உன் வீட்டில் தங்கிக்கொள்ளட்டுமா என்றாள். "வா" என்று சொல்வதற்கு முன் நான் கேட்டது: "அவர்கிட்ட ஒருவாட்டி பேசிப் பாத்தியா?" அவள் பரவாயில்லை என்று வைத்துவிட்டாள். அதன்பிறகு என்னிடம் எதையும் சொல்லவில்லை.

இதை எழுதலாமா என்று போன மாதம் அத்தையிடம் கேட்டேன். கோயிலில் மாவிளக்குக்கு அரிசி இடித்துக்கொண்டிருந்த பெண்களுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தோம். எழுது, பேர் போடாதே என்றாள். கொஞ்ச நேரம் கழித்து, "அந்தக் காளி, எதுக்குடி அவனுக்கு வரம் குடுத்தேன்னு கேக்கவே இல்ல, பாரு" என்றாள்.

ஆமாம். கதையில் அந்தக் கேள்வி இல்லை. கொடுத்த வரத்தைச் செல்லியால் திரும்ப வாங்க முடியவில்லை, ஆனால் அந்த வரம் காளியைக் கட்டவில்லை. கட்டுப்பட்டவளிடம் கணக்குக் கேட்காமல், கட்டுப்படாதவள் செய்ய வேண்டியதைச் செய்தாள். அதோடு முடிந்தது என்றும் விட்டுவிடவில்லை, வாரத்தில் ஐந்து நாள் மலைக்குப் போகிறாள். எனக்கு அவ்வளவு வலிமை இல்லை. அடுத்தமுறை ராத்திரி போன் வந்தால், முதல் வார்த்தையாக "வா" என்று சொல்ல முடியும்.