எஞ்சிய கோப்புகள் யாருடையவை?

இடம் போதவில்லை என்னும் குறை மனிதனுக்குப் புதியதன்று. நிலத்திலும் வீட்டிலும் தோன்றிய அக்குறை இன்று மடிக்கணினிக்குள்ளும் புகுந்துவிட்டது. சேமிப்பிடம் நிரம்பிவிட்டது என்னும் அறிவிப்பு திரையில் தோன்றியவுடன் பலரும் முதலில் நாடுவது விளையாட்டுகளைத்தான். ஆடி முடித்தவற்றை நீக்குகிறோம். அவை விட்டுச்சென்ற மிச்சக் கோப்புகளைத் தேடி அழிக்கிறோம். கிடைத்த இடத்தில் வேண்டியதை வைத்துக்கொள்கிறோம். பொத்தானை இருமுறை அழுத்தினால் முடிந்துவிடும் இச்செயலில் அறத்திற்கு என்ன வேலை என்று அன்பர்கள் வினவக்கூடும்.

கருவி ஒருவருக்கே உரியதாயின் பெரிய வேலை ஏதும் இல்லை என்றே கூறலாம். ஆனால் நம்மனோர் வீடுகளில் மடிக்கணினி ஒருவருக்கே உரியதாக இருப்பது அரிது. 2011ஆம் ஆண்டு தமிழ்நாட்டு அரசு மேல்நிலை மாணவர்களுக்கு விலையில்லா மடிக்கணினி வழங்கத் தொடங்கிற்று. ஒரு மாணவரின் பெயரில் வந்த கருவி, பல இல்லங்களில் அந்த இல்லத்தின் முதற் கணினியும் ஆயிற்று. அதிலேயே அண்ணன் வேலைக்கு விண்ணப்பித்தான், தங்கை பாடம் படித்தாள், தம்பி விளையாடினான். பம்பாயிலோ பெங்களூரிலோ இரண்டறை வீட்டில் தவணைக்கு வாங்கிய மடிக்கணினியின் நிலையும் இதுவே. ஆதலின், எதை அழிக்கலாம் என்னும் கேள்வி அவ்வீடுகளில் யாருடையதை அழிக்கலாம் என்னும் கேள்வியாக மாறிவிடுகிறது.

ஓர் இல்லத்தைக் கற்பித்துக்கொள்வோம். மூத்த மகள் பொறியியல் பயில்கிறாள். பாடத்திற்குரிய மென்பொருளை நிறுவ 20 ஜிகாபைட் இடம் தேவை. தேர்வுக்கு இரண்டு வாரமே உள்ளது. கணினியிலோ 3 ஜிகாபைட் மட்டுமே மீதி. தம்பி மூன்று ஆண்டுகளாக ஆடிவரும் விளையாட்டுகள் கருவியின் பாதியை நிரப்பியுள்ளன. அவன் பள்ளிக்குச் சென்றிருக்கிறான். அவள் என்ன செய்யலாம்?

படிப்பு பெரிது, விளையாட்டு சிறிது என்று உடனே தீர்ப்புக் கூறுவோர் பலர். தீர்ப்பு வழங்குமுன் பொருளின் இயல்பை அறிதல் முறையாகும். 1956இல் ஐ.பி.எம். நிறுவனம் வெளியிட்ட முதல் வட்டுச் சேமிப்பகம் ஏறத்தாழ ஒரு டன் எடையுடையது. ஐம்பது வட்டுகளைக் கொண்ட அதில் ஐம்பது லட்சம் எழுத்துகளே அடங்கின. 1985இல் வந்த சூப்பர் மாரியோ பிரதர்ஸ் என்னும் புகழ்பெற்ற விளையாட்டு முழுவதும் 40 கிலோபைட்டுக்குள் அமைந்தது. 2019இல் வந்த கால் ஆஃப் டூட்டி மாடர்ன் வார்ஃபேர் அடுத்த ஆண்டிலேயே 200 ஜிகாபைட்டைத் தாண்டிற்று. இன்று விற்கப்படும் மடிக்கணினிகள் பலவற்றின் கொள்ளளவு 256 ஜிகாபைட். அதுவும் திரையில் 238 என்றே காணும். விற்பவர் ஆயிரத்தால் பெருக்கிக் கணக்கிடுகிறார், விண்டோஸ் 1024ஆல் கணக்கிடுகிறது என்பதே அதன் காரணம். (வாங்கியவர் ஏமாந்ததாக எண்ணிக் கடைக்காரரிடம் சண்டையிடுவது வீண்.) இப்படி ஒரே விளையாட்டு வீட்டின் பொது இடத்தில் பெரும்பகுதியைப் பிடித்துக்கொள்வது நேர்மையாகாது என்று அக்காள் கருதினால் அதில் தவறில்லை.

ஆயினும் அந்த 200 ஜிகாபைட்டில் தம்பி செய்தது எது? உருவங்களும் ஒலிகளும் காட்சிகளும் நிறுவனத்தாருடையவை, அவை அவர்களுடைய கிடங்கில் அப்படியே உள்ளன, மீண்டும் இறக்கிக்கொள்ளலாம். அவன் ஆடிச் சேர்த்த நிலை மட்டுமே அவனுடையது. பெரும்பாலான விளையாட்டுகளில் அது சில மெகாபைட்டுக்கு மேற்படாத சிறு கோப்பு. இதனை நன்கு கவனித்தல் வேண்டும்: பெரியது திரும்பக் கிடைக்கும், சிறியது கிடைக்காது. கோப்புகளைப் பருமனால் வரிசைப்படுத்திக் காட்டும் கணினி இந்த உண்மையைக் காட்டுவதில்லை.

நிறுவல் நீக்கம் என்னும் செயலை எடுத்துக்கொள்வோம். ஒரு நிரலை நீக்கும்போது, நீக்கும் கருவி தான் கொண்டுவந்து வைத்த கோப்புகளின் பட்டியலைப் பார்த்து அவற்றை எடுத்துவிடுகிறது. அதன் பின்னும் சில எஞ்சும். விரைவுக்காகச் சேர்த்துவைத்த இடைக்காலக் கோப்புகள், பிழைக் குறிப்புகள், அமைப்புகள், ஆடியவர் சேமித்த நிலைகள் ஆகியன டாக்குமென்ட்ஸ் கோப்புறையிலோ, ஆப்டேட்டா என்னும் மறைந்த கோப்புறையிலோ கிடக்கும். இவற்றையெல்லாம் குப்பை என்னும் ஒரே சொல்லால் குறிப்பது வழக்கமாகிவிட்டது. அச்சொல் எனக்கு உடன்பாடன்று. இவற்றுள் சில, நிரல் எழுதியோரின் கவனக்குறைவால் கிடப்பவை, அவை குப்பையே. வேறு சில வேண்டுமென்றே விடப்பட்டவை. நிரல் கொண்டுவந்ததை நிரல் எடுத்துச்செல்லலாம். பயனர் உண்டாக்கியதை எடுத்துச்செல்ல அதற்கு உரிமையில்லை என்று கருதியே நல்ல நிரலாளர் அதனை விட்டுவைக்கின்றனர். குடியிருந்தவர் வீட்டைக் காலிசெய்யும்போது தம் பாத்திரங்களை எடுத்துக்கொண்டு, வீட்டுக்காரர் நட்ட முருங்கையை வெட்டாமல் செல்வது போன்றது இது.

மைன்கிராஃப்ட் என்னும் விளையாட்டைப் பிள்ளைகள் உள்ள வீட்டார் அறிவர். கட்டை கட்டையாக அடுக்கி வீடும் பாலமும் ஊரும் கட்டுவது அது. அதன் ஜாவா பதிப்பு, பிள்ளை கட்டிய உலகத்தை ஆப்டேட்டாவுக்குள் தனிக் கோப்புறையில் வைக்கிறது. விளையாட்டை நீக்கினாலும் கோப்புறை அங்கேயே இருக்கும். விண்டோசுக்கான பெட்ராக் பதிப்போ பல ஆண்டுகள் செயலியின் உள்ளறையிலேயே உலகங்களை வைத்திருந்தது. செயலியை நீக்கியபோது உலகமும் உடன் போயிற்று. பெயர் ஒன்று, ஆட்டம் ஒன்று. ஒன்றில் நீக்கம் தீங்கற்றது, மற்றொன்றில் மூன்றாண்டு உழைப்பின் அழிவு. மேலும், மிச்சக் கோப்புகளைத் தேடித் தரும் துப்புரவு நிரல்கள் சில, நிரல் இல்லாமல் தனித்துக் கிடக்கும் கோப்புறை எதனையும் மிச்சம் என்றே காட்டும். அப்படிக் காட்டும்போது அவை பிள்ளையின் ஊருக்கும் பிழைக் குறிப்புக்கும் வேறுபாடு அறியா. அறிய வேண்டியவர் பொத்தானை அழுத்துபவரே.

பெரிய நிறுவனங்களும் இவ்விடத்தில் இடறியுள்ளன. 2018 அக்டோபரில் மைக்ரோசாஃப்ட் நிறுவனம் விண்டோஸ் 10இன் 1809 என்னும் புதுப்பிப்பை வெளியிட்டது. டாக்குமென்ட்ஸ் முதலிய கோப்புறைகளை வேறு வட்டுக்கு மாற்றிவைத்த சிலர், பழைய இடத்தில் அதே பெயரில் வெற்றுக் கோப்புறைகள் கிடக்கின்றன என்று முன்னர் முறையிட்டிருந்தனர். அம்மிச்சங்களை அகற்றவே புதிய பதிப்பில் வழிசெய்தனர். ஆனால் சிலருடைய பழைய கோப்புறை வெறுமையாக இல்லை. மாற்றாமல் விட்ட கோப்புகள் அதனுள் இருந்தன. கோப்புறையோடு அவையும் அழிந்தன. சில நாட்களிலேயே புதுப்பிப்பு நிறுத்தப்பட்டு, திருத்தப்பட்டு, நவம்பரில் மீண்டும் வெளிவந்தது. பாதிப்பைத் தெரிவித்தோர் பத்தாயிரத்தில் ஒருவர் அளவே என்று நிறுவனம் கூறிற்று. அந்த ஒருவருக்கு அது முழு இழப்பு.

இதில் என்னை வருத்திய செய்தி வேறொன்று. வெளியீட்டுக்கு முன்பே சோதனையாளர் சிலர் இவ்வழிவைத் தெரிவித்திருந்தனர். ஆதரவு வாக்குகள் குறைவாக இருந்தமையால் அம்முறையீடு மேலே வரவில்லை. எத்தனை பேர் என்று எண்ணும் ஏற்பாடு இருந்தது. எவ்வளவு கொடிது என்று கேட்கும் ஏற்பாடு இல்லை. அதன் பின்னரே, தீங்கின் கடுமையையும் குறிப்பிடும் வசதியை நிறுவனம் சேர்த்தது. எண்ணிக்கையில் சிறியோராய் வாழும் நம்மனோர்க்கு இதன் பொருளை விளக்க வேண்டுவதில்லை.

இனி ஒரு மறுப்பு. எல்லாம் அநித்தியம் என்று அறிந்த பௌத்தர், திரையில் அடுக்கிய கட்டைகளுக்காக இவ்வளவு வாதிடலாமா? பற்றை விடப் பழகட்டும் பையன் என்று கூறலாகாதா? இம்மறுப்பில் ஒரு பிழை உள்ளது. துறத்தல் என்பது ஒருவர் தம்முடையதைத் துறப்பது. பிறனுடையதை அவன் அறியாமல் அழித்துவிட்டு, நீ துறவு பழகு என்று அவனுக்கு அறிவுரை கூறுவது துறவாகாது. கொடாததை எடாமை என்னும் சீலத்திற்கே அஃது அண்மையில் நிற்கும் குற்றம். எடுத்தவள் தனக்கென ஒன்றும் எடுத்துச்செல்லவில்லையே எனலாம். அவள் எடுத்துக்கொண்டது இடம்.

ஒருவர் பொருளைக் கேளாமல் எடுப்பது எப்போதும் குற்றமா? விநயம் இதனை நுட்பமாகவே ஆராய்ந்துள்ளது. நம்பிக்கையின் பேரில் எடுத்துக்கொள்வதற்கு மகாவக்கத்தில் ஐந்து நிபந்தனைகள் கூறப்படுகின்றன. உடையவர் அறிமுகமானவராதல் வேண்டும், நெருங்கியவராதல் வேண்டும், அதுபற்றி முன்னரே பேசியிருத்தல் வேண்டும், உயிரோடிருத்தல் வேண்டும், எடுத்ததை அறிந்தால் அவர் மகிழ்வார் என்று எடுப்பவர் அறிந்திருத்தல் வேண்டும். பிக்குகளுக்கென வகுத்த விதி இது. எனினும் அக்காளும் தம்பியும் இதனால் தங்களை அளந்துபார்ப்பதில் தடையில்லை. முதலிரண்டும் நான்காவதும் உடன்பிறந்தாரிடம் இயல்பாகவே உண்டு. மூன்றாவதும் ஐந்தாவதுமே தடுக்கின்றன. இடைக்காலக் கோப்புகளை அழித்தால் தம்பி மகிழ்வானா என்று கேட்டுக்கொண்டால், அவன் பொருட்படுத்தவும் மாட்டான் என்பது விடை. அவன் கட்டிய ஊரை அழித்தால்? விடையை அவள் அறிவாள். அறிந்ததனாலேயே அவன் பள்ளிக்குச் சென்ற நேரத்தைப் பார்க்கிறாள்.

இதனால் தம்பியின் பக்கமே நியாயம் என்று எவரும் கொள்ள வேண்டா. மூவர்க்குரிய கருவியில் பாதியை ஒருவன் நிரப்பி, நீக்கலாகாது என்று முரண்டுபிடிப்பது, பொதுக் கிணற்றடியில் தன் அண்டாக்களை வரிசையாக வைத்துவிட்டுப் போவதற்கு ஒப்பாகும். தான் உண்டாக்கியதன்மேல் அவனுக்கு உரிமை உண்டு. இறக்கிவைத்த கிடங்கின்மேல் அவ்வளவு உரிமை இல்லை. ஆனால் இங்கும் ஒரு நுட்பம். மீண்டும் இறக்கிக்கொள்ளலாம் என்பது எல்லார்க்கும் ஒரே அளவில் உண்மையன்று. வீட்டில் அகன்ற இணைப்பு உள்ளவருக்கு 100 ஜிகாபைட் ஓர் இரவு. கைப்பேசியில் நாளொன்றுக்கு 2 ஜிகாபைட் பெறுபவருக்கு, வேறெதற்கும் அதைச் செலவிடாமலிருந்தாலும், அது ஐம்பது நாள். ஏழை வீட்டில் நீக்கம் என்பது எளிதில் திருப்பக்கூடிய செயல் அன்று. ஆதலின் பெரிய விளையாட்டை நீக்குமுன்னும் ஒரு சொல் சொல்லியாக வேண்டும்.

விற்கும் நிறுவனத்தார் இந்த ஒரு சொல்லின் கடமையை எந்த அளவு கருதுகின்றனர் என்பதையும் காண்க. யுபிசாஃப்ட் நிறுவனம் 2014இல் விற்ற தி க்ரூ என்னும் கார்ப்பந்தய விளையாட்டு, தனியாக ஆடுவதற்கும் நிறுவனத்தின் வழங்கிக் கணினிகளைச் சார்ந்தே இயங்கிற்று. அறிவிப்புத் தந்து 2024 மார்ச் 31ஆம் நாள் அவ்வழங்கிகளை நிறுத்தினர். காசு கொடுத்து வாங்கியவர் கணினியில் கோப்புகள் கிடந்தும் ஆட்டம் இயங்கவில்லை. பின்னர் வாங்கியோர் கணக்குகளிலிருந்து உரிமமும் விலக்கப்பட்டது. கலிபோர்னியா மாநிலத்தில் 2025 சனவரி முதல் நடைமுறைக்கு வந்த சட்டமொன்று, பின்னர் திரும்பப் பெறக்கூடிய உரிமத்தையே விற்கும் கடைகள், வாங்குவது உரிமமே என்று வாங்குவோர்க்குத் தெளிவாகச் சொல்ல வேண்டும் என்கிறது. விற்பதைத் தடுக்கவில்லை, சொல்லிவிட்டு விற்கச் சொல்கிறது. அந்த அளவுக்காவது நன்று.

அக்காளிடம் மீள்வோம். அவளுக்கு 17 ஜிகாபைட் வேண்டும். யாரையும் கேளாமல் அவள் தொடக்கூடியவை உள்ளன. முதலில் குப்பைத் தொட்டி. அதில் போட்டவை, தொட்டியைக் காலிசெய்யும்வரை இடத்தைப் பிடித்துக்கொண்டேயிருக்கும் என்பதைப் பலர் மறந்துவிடுகின்றனர். அடுத்து, விண்டோஸ் பெரிய புதுப்பிப்புக்குப் பின் பத்து நாள் வைத்திருக்கும் பழைய பதிப்பின் கோப்புறை. புதிய பதிப்பு ஒழுங்காக இயங்குமாயின் அது வேண்டுவதில்லை, பல ஜிகாபைட் மீளும். பின்னர் இடைக்காலக் கோப்புகள், தான் இறக்கிய நிறுவற்கோப்புகள். விஷுவல் சி++ முதலிய பொதுத் துணைநிரல்களைத் தொடுதல் கூடாது. அவற்றை நம்பி வேறு நிரல்கள் நிற்கின்றன. ரெஜிஸ்ட்ரியைத் துப்புரவு செய்வதாகக் கூறும் நிரல்களை நம்பவும் வேண்டா. அதனால் மிஞ்சும் இடம் மிகச் சொற்பம், நேரக்கூடிய கேடோ பெரிது.

இவற்றால் போதாதெனில், மாலையில் தம்பி வரட்டும். எந்த விளையாட்டை விடலாம் என்பதை அவனே கூறட்டும். நீக்குமுன் அவன் சேமித்த நிலை எங்கே உள்ளது என்று இருவரும் சேர்ந்து பார்க்கட்டும். நிறுவனத்தின் வழங்கியில் படி இருப்பதாக எண்ணி விட்டுவிடலாகாது. எல்லா விளையாட்டுகளுக்கும் அவ்வசதி இல்லை. ஒரு பென் டிரைவில் அக்கோப்புறையைப் படியெடுத்து, படியெடுத்தது திறக்கிறதா என்று வேறொரு கணினியில் ஒருமுறை பார்த்துவிட்டு, கோப்புறைக்கு அவன் பெயரையும் தேதியையும் இட்டுவிடலாம். பத்து நிமிட வேலை. அதன் பிறகு அவன் கையாலேயே நீக்கச் செய்வது இன்னும் நன்று.