கழிந்த காலத்துட் புகுதல் கூடுமோ?

கழிந்தது மீளாது என்பதை உலகம் அறியும். ஆயினும் அதனை மீட்டல் வேண்டுமென்னும் வேட்கை மக்கள் உள்ளத்தை விட்டு நீங்கியதில்லை. ஆங்கில நாட்டு ஆசிரியராகிய எச். ஜி. வெல்ஸ் 1895-ஆம் ஆண்டில் வெளியிட்ட கதையில், ஒருவன் பொறியொன்றில் ஏறிக் காலத்தினூடே செல்கின்றான். பின்வந்த கதைகள் சிலவற்றிலோ பொறிக்கு மாறாக ஓர் ஆற்றற்புலம் கற்பிக்கப்படுகின்றது. அப்புலத்தைத் தன்வயப்படுத்தியவன் வேண்டிய காலத்திற்குச் சென்று வேண்டியபோது மீள்வனாம். இவற்றைக் கட்டுக்கதை என்று தள்ளிவிடுதல் எளிது. ஆனால் 'யான் செய்த தீவினையைச் செய்யாததாக்குதல் கூடுமோ?' என்னும் உயிரின் வினா அக்கதையினுள்ளே மறைந்து கிடத்தலின், அதனை ஆராய்தல் சித்தாந்தம் பயில்வார்க்குக் கடனேயாம்.

காலமாவது யாது? நியதி, கலை என்பவற்றோடு அசுத்த மாயையினின்றுந் தோன்றுவதொரு தத்துவம். கழிந்ததனை எல்லைப்படுத்தலும், நிகழ்வதன் பயனை நுகர்வித்தலும், வருவதனைப் புதுமையாக்கலும் அதன் தொழில்களென மனவாசகங்கடந்தார் தமது உண்மை விளக்கத்துள் உணர்த்தினார். அது சடமாகலின் தானே இயங்காது. சிவசத்தி செலுத்தவே இயங்கும்.

சடமாயின், தீயையும் நீரையும் போல அதனையும் மக்கள் கருவியாற் கையாளலாமன்றோ எனின், அறிவியலார் கண்டது இதுவே: 1971-ஆம் ஆண்டில் அணுக்கடிகாரங்களை விமானத்தில் ஏற்றி உலகைச் சுற்றிவரச் செய்தனர். நிலத்தில் நின்ற கடிகாரங்களை நோக்க, கிழக்கு நோக்கிச் சென்றவை பிந்தின. மேற்கு நோக்கிச் சென்றவை முந்தின. வேறுபாடு, ஒரு நொடியை நூறு கோடிக் கூறு செய்தால் அவற்றுள் சில நூறு கூறுகளுக்கு மேற்படவில்லை. காலம் எங்கும் ஒருபடித்தாக ஓடும் தனிமுதலன்று என்பதற்கு இது துணையாகும். கழிந்ததனுட் புகுதற்குச் சான்றாகாது. அறிவியலார் அளக்குங் காலமும் நாம் கூறும் தத்துவமும் முற்றும் ஒன்றென்றலும் ஆகாது.

இனி, வாதத்தின் பொருட்டு அதுவும் கூடுமெனவே கொள்வோம். பெரம்பலூர் மாவட்டத்துச் சாத்தனூரில், ஏறத்தாழ 12 கோடி ஆண்டுத் தொன்மையுடையதாகக் கணிக்கப்பட்ட மரமொன்று கல்லாய்க் கிடக்கின்றது. அதன் நீளம் 18 மீட்டர். 1940-ஆம் ஆண்டில் இந்தியப் புவியியல் ஆய்வுத்துறையைச் சார்ந்த எம். எஸ். கிருஷ்ணன் அதனைக் கண்டறிந்தார். தொல்லூழியில் கடல் அப்பகுதியை மூடியிருந்தது. அரியலூர்ப் பகுதியின் சுண்ணாம்புப் பாறைகளில் கடல்வாழ் உயிர்களின் கல்லுருக்களை இன்றுங் காணலாம். ஒருவன் ஆற்றற்புலத்தின் துணையால் அத்தொன்னாளிற் புகுந்து, அம்மரம் பசுமையாய் நிற்றலைக் கண்டான் என்க. உலகிற்கு அது கழிகாலம், அவனுக்கோ எக்காலம்? அவன் காண்பது அவனுக்கு நிகழ்வே. இனிக் காணவிருப்பது புதுமையே. புறப்படுமுன் நுகர்ந்தன யாவும் எல்லைப்பட்ட கழிவே. எனவே காலதத்துவம் அவனைவிட்டு இம்மியும் அகன்றதில்லை. உலகை நோக்கப் பின் சென்றானாயினும், தன் நுகர்ச்சியின் வரிசையில் அவன் முன்னேயே சென்றான். ஆங்கு அவன் செய்வது பழவினையை அழித்தலன்று. புதியதோர் ஆகாமியத்தை ஈட்டலேயாம்.

அற்றேல், தான் ஒருவனை அடித்த நாளுக்கு மீண்டு, அவ்வடி விழாமற் காத்தல் நன்றன்றோ எனின், கூறுதும். கை தடுக்கப்படினும், கையை ஓங்கச் செய்த ஆணவம் தடுக்கப்பட்டதின்று. மேலும், அடிபட்டவன் பொறுத்த பொறுமையையும், அவன்பால் இரங்கினோர் ஈட்டிய நல்வினையையும் அவன் ஒருங்கே அழித்தவனாவான். வினைப்பயனைக் கூட்டுவித்தல் இறைவன் தொழில். அதனைத் தன்கையிற் கொள்ள நினைத்தல் யான் எனதென்னும் செருக்கின் முதிர்வேயாம்.

இறைவன் திருவருளோ தீர்க்கவேண்டியதனை வேறு நெறியில் தீர்க்கின்றது. அரியலூர் மாவட்டத்துக் கங்கைகொண்டசோழபுரத்தில், முதலாம் இராசேந்திரன் 11-ஆம் நூற்றாண்டில் எடுப்பித்த திருக்கோயிலின் வடபுறத்தே, உமையோடு வீற்றிருக்கும் பெருமான் சண்டேசுரர்க்குக் கொன்றைமாலை சூட்டும் திருவுருவத்தை அன்பர்கள் கண்டிருப்பர். தந்தையின் தாளை மகன் துணித்தது அங்கே நடவாததாக்கப்படவில்லை. நடந்தது நடந்ததாகவே நிற்க, மகனுக்குச் சண்டீச பதமும், பிழைசெய்த தந்தைக்குச் சிவலோகமும் அருளப்பட்டன என்பது பெரியபுராணம் காட்டும் வரலாறு. சுந்தரமூர்த்திகள் அவிநாசியில் முதலைவாயினின்று அழைத்த பாலனும், விழுங்கப்பட்ட நாளின் சிறுவனாக வந்திலன். இடைப்பட்ட ஆண்டுகளின் வளர்ச்சியோடு வந்தான். காலம் பின்னோக்கித் திருப்பப்படவில்லை. இழந்த ஆண்டுகளே அருளால் நிரப்பப்பட்டன.

ஆதலின், செய்த பிழைக்கு வருந்துவோன் நாடவேண்டியது கழிந்த நாளன்று. சஞ்சிதம் ஞானாசிரியன் செய்யும் தீக்கையால் நீங்கும். பிராரத்தம் உடலளவும் நுகர்ந்தே கழியும். ஆகாமியம் இறைபணியில் வழுவாது நிற்பார்க்கு ஏறாது. இம்மூன்றும் கைகூடுவது நிகழ்காலத்தின்கண்ணேயாம். தீங்குற்றவன் உயிரோடிருப்பின் இன்றே அவன்முன் சென்று பணிதலும், அவன் இழந்ததை இயன்றளவு ஈடுசெய்தலும் வேண்டும். அவன் சொல்லும் கடுஞ்சொல்லைப் பிராரத்தமெனக் கொண்டு பொறுத்தலும் வேண்டும். 'அன்று அவ்வாறு செய்யாதிருப்பின்' என்று ஏங்கியிருத்தல் அதே ஆணவம் துயர்வடிவிற் புரியும் மறைப்பு என்று அறிக. காலங்கடந்த முதல்வன் நம் இற்றைநாளின்கண்ணும் உடனிருத்தலின், அவன் திருவடியை அடைதற்கு வேறொரு காலத்தைத் தேடிச் செல்லவேண்டுவதில்லை.

சிவம்.